மலைக்கள்ளன் (திரைப்படம்)

மலைக்கள்ளன், 1954 ஜூலை 22 அன்று வெளியான தமிழ்த் திரைப்படம். நாமக்கல் கவிஞர் வெ. இராமலிங்கம் பிள்ளை எழுதிய இதே பெயருள்ள நாவலைத் தழுவியது. எஸ்.எம். ஸ்ரீராமுலு நாயுடு தம் பட்சிராஜா ஸ்டுடியோ சார்பில் கோயம்புத்தூரில் தயாரித்து இயக்கினார். எம்.ஜி. ராமச்சந்திரனும் பி. பானுமதியும் நடித்தனர். பணக்காரர்களின் அக்கிரமத்தைத் தட்டிக்கேட்கும் கதையான இப்படம், குடியரசுத் தலைவரின் வெள்ளிப் பதக்கம் பெற்ற முதல் தமிழ்ப் படமாகும்.

கோவைப் பின்னணி

கொங்கு வட்டாரத்தில் சினிமா நூற்பாலைகளோடு சேர்ந்தே வளர்ந்தது. ஊர் ஊராகக் கூடாரம் போட்டுப் படம் காட்டிய சாமிக்கண்ணு வின்சென்ட், 1914இல் கோவையில் வெரைட்டி ஹால் என்ற நிரந்தரத் திரையரங்கை எழுப்பினார். 1930களில் பைக்காரா மின்சாரம் வந்ததும் கோவை, திருப்பூர்ப் பகுதியில் ஆலைகள் பெருகின. பஞ்சிலும் நூலிலும் சேர்ந்த பணத்தில் ஒரு பகுதி படத்தொழிலுக்கும் வந்தது. சிங்காநல்லூர் சென்ட்ரல் ஸ்டுடியோ அப்படி எழுந்தது. அதில் பங்குதாரராக இருந்த ஸ்ரீராமுலு நாயுடு பின்னர் பிரிந்துபோய் பட்சிராஜாவைத் தொடங்கினார். விக்டர் ஹ்யூகோவின் நாவலைத் தழுவி 1950இல் அவர் எடுத்த ‘ஏழை படும் பாடு’, சட்டத்துக்கும் நியாயத்துக்கும் இடையிலான பிணக்கைப் பேசியது. நான்கு ஆண்டுகள் கழித்து அதே பிணக்கை மலைக்கள்ளனில் குதிரைச் சவாரியும் மாறுவேடமுமாக எடுத்தார்.

மூலமும் கதையும்

நாமக்கல் கவிஞர் (1888–1972) காந்தியவாதி. விடுதலைப் போராட்டத்தில் சிறை சென்றவர். சென்னை மாகாணத்தின் அரசவைக் கவிஞராக இருந்தவர். பணக்காரரிடம் பறித்து ஏழைக்குக் கொடுக்கும் அவருடைய நாயகனிடம் ராபின் ஹூட்டின் சாயல் உண்டு. ஸ்பானியர் ஆண்ட கலிபோர்னியாவில் கொடுங்கோல் அதிகாரிகளை முகமூடி அணிந்து எதிர்க்கும் ஸோரோவையும் அவன் நினைவூட்டுவான்.

ஊரில் பெரிய மனிதர்களாக உலவுபவர்களே மறைவில் கொள்ளைக்காரர்கள். அவர்களின் ஆட்கள் நாயகி பூங்கோதையைக் கடத்துகிறார்கள். எல்லோரும் அஞ்சும் மலைக்கள்ளன் அவளை மீட்டுத் தன் மலை இருப்பிடத்துக்கு அழைத்துப்போகிறான். ஊருக்குள் அவனே தாடி வைத்த வணிகர் அப்துல் ரஹீமாக நடமாடுகிறான். அவனைப் பிடிக்க அலையும் போலீசார் பக்கத்தில் நிற்பவனை அறியாமல் திரிவது படத்தின் நகைச்சுவை. காவலராக வரும் டி.எஸ். துரைராஜ் அதற்குப் பெரிதும் கைகொடுத்தார். மலைக்கள்ளன் பூங்கோதையின் முறைப்பையன் குமாரவீரன் என்பது கடைசியில் வெளிப்படுகிறது. ஊர் கள்ளன் என்று ஒதுக்கியவனை உறவுமுறையே மாப்பிள்ளையாக்கிவிடுகிறது.

உருவாக்கம்

காங்கிரஸ் கவிஞரின் கதைக்கு வசனம் எழுதியவர் தி.மு.க.வின் மு. கருணாநிதி. 1947இல் கோவையில் எடுக்கப்பட்ட ‘ராஜகுமாரி’ காலத்திலிருந்தே எம்.ஜி.ஆரும் அவரும் நண்பர்கள். அரசியலில் எதிரெதிர் அணியில் நின்ற காங்கிரஸ், தி.மு.க. தரப்புகள் ஒரே படத்தில் சேர்ந்ததில் வியப்பில்லை: அதிகாரமும் பணமும் கைகோத்தால் சாமானியன் எங்கே போவான் என்ற கேள்வி இரண்டு தரப்புக்கும் உரியதாக இருந்தது.

எஸ்.எம். சுப்பையா நாயுடு இசையமைத்தார். பூங்கோதையோடு குதிரையில் போகும் நாயகனுக்கு டி.எம். சௌந்தரராஜன் பாடிய பாட்டு படத்தின் உயிர்நாடி. காதலியை முன்னே அமர்த்திக்கொண்டு அவன் பாடுவது காதலை அல்ல. ஏமாற்றுக்காரர்களைக் கேள்வி கேட்கிறான், கல்வி எல்லோருக்கும் கிடைக்கவேண்டும் என்கிறான். எம்.ஜி.ஆர். படங்களில் பின்னாளில் தவறாமல் இடம்பெற்ற கொள்கைப் பாட்டுக்கு இது முன்மாதிரி ஆயிற்று. டி.எம்.எஸ். குரலும் எம்.ஜி.ஆரின் குரலாகவே நிலைத்தது.

பிறமொழி வடிவங்கள்

ஒரே கதையை ஸ்ரீராமுலு நாயுடு பல மொழிகளில் எடுத்தார். தெலுங்கில் என்.டி. ராமராவ் நடித்த ‘அக்கி ராமுடு’ (1954), இந்தியில் ‘ஆசாத்’ (1955), மலையாளத்தில் சத்யன் நடித்த ‘தஸ்கரவீரன்’ (1957), கன்னடத்தில் கல்யாண் குமார் நடித்த ‘பெட்டத கள்ள’ (1957) ஆகியவை வந்தன. சிங்களத்தில் ‘சூரசேன’ வெளியானது. ‘ஆசாத்’ படத்தில் திலீப் குமாரும் மீனா குமாரியும் நடித்தனர். குறுகிய காலத்தில் பாடல்கள் வேண்டும் என்றதற்கு நௌஷாத் மறுத்துவிட, சி. ராம்சந்திரா இசையமைத்துக் கொடுத்தார். சோக வேடங்களுக்குப் பேர்போன திலீப் குமாருக்கு அது கலகலப்பான மாற்றமாக அமைந்தது.

தாக்கம்

அதுவரை எம்.ஜி.ஆர். பெரும்பாலும் ராஜா ராணிக் கதைகளில் வாள் சுழற்றிய வீரர். ஏழைகளின் காவலன் என்ற அவருடைய உருவம் இப்படத்தில்தான் தெளிவாகத் துலங்கியது. 1977இல் அவர் முதலமைச்சராக உதவியதும் அந்த உருவமே. படம் பிறந்த ஊரின் திரைத்தொழிலோ நீடிக்கவில்லை. நடிகர்களும் தொழில்நுட்பக் கலைஞர்களும் சென்னையில் குவிந்தனர். ஸ்ரீராமுலு நாயுடு பெங்களூருக்குச் சென்று சாமுண்டேஸ்வரி ஸ்டுடியோவை அமைத்தார். கொங்குநாட்டின் முதலீடு நூற்பாலையிலும் பனியன் கம்பெனியிலும் நிலைகொண்டது.