வாடிய கிளை சொன்ன குறி



பூ வாடக் கண்டால் மனம் வாடுவது மனித இயல்பு. ஆனால் அந்த வாட்டத்தை ஓர் உயிருக்கு வரப்போகும் கேட்டின் அடையாளமாகக் கொள்வது மாந்திரீக நம்பிக்கை. இது நம்மவரிடம் மட்டும் உள்ளதன்று. இங்கிலாந்து நாட்டுக் கிராமங்களிலும் வேரூன்றி இருந்தது. அந்த வரலாற்றை இன்று காண்போம்.

ஜான் ஆப்ரி என்னும் ஆங்கில அறிஞர், தாம் கண்ட வழக்கம் ஒன்றை 1686ஆம் ஆண்டையொட்டி எழுதி வைத்தார். ஜூன் 24 அங்கே நடுக்கோடைத் திருநாள். அதையொட்டிச் சமையல் வேலைக்காரப் பெண்களும் பால் கறக்கும் பெண்களும் ‘ஆர்பின்’ என்னும் பூஞ்செடியின் கிளைகளை இரண்டிரண்டாக உத்தரத்து இடுக்கில் செருகி வைப்பார்கள். ஒரு கிளை ஆணுக்கு. மற்றது அவன் காதலிக்கு. கிளைகள் ஒன்றையொன்று நோக்கிச் சாய்ந்தால் அன்பு, விலகினால் வெறுப்பு, ஒன்று வாடிவிட்டால் சாவு!

எத்தனையோ செடிகள் இருக்க, இதை ஏன் தேர்ந்தார்கள்? ஆர்பின், நாம் அறிந்த ரணகள்ளியின் குடும்பத்தைச் சேர்ந்தது. தடித்த இலைகளில் நீரைச் சேர்த்து வைப்பதால், வெட்டிய பிறகும் பல நாள் பசுமையாக இருக்கும். எளிதில் வாடாத கிளையே வாடிவிட்டால், பார்த்தவர் அஞ்சியதில் வியப்பில்லை. ஆனால் கிளை சாய்வது வெளிச்சத்தை நாடி. வாடுவது ஈரம் வற்றி. மனிதனின் ஆயுளை அது அறியாது.

அச்சம் உள்ள இடத்தில் அதை விற்றுப் பிழைப்பவரும் வந்து சேர்வர். 1789இல் சேடர் என்ற ஊரில் ஏழைப் பிள்ளைகளுக்குப் பள்ளி தொடங்கிய ஹானா மோர் அம்மையார், பின்னர் மலிவு விலைக் கதை நூல்களும் எழுதினார். ஒரு கதையில் சேலி என்ற வேலைக்காரப் பெண் இந்தக் கிளைகளையும் குறிகளையும் நம்புகிறாள். அவள் பணத்தின்மேல் கண்வைத்த ஒருவன் குறிகாரிக்குக் கையூட்டுக் கொடுக்கிறான். குறிகாரி சொன்னபடி சேலி நல்லவனைக் கைவிட்டு, அந்த வஞ்சகனை மணந்து வாழ்விழக்கிறாள்.

சேலியை நாம் இகழ வேண்டாம். அன்புக்குரியவருக்கு என்ன ஆகுமோ என்ற கவலைதான் அவளைக் குறி கேட்க வைத்தது. அக்கவலை நமக்கும் உண்டு. வாசலில் வாடிய பூ கிடந்தால் கூட்டித் தள்ளுவோம். பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் மந்திரவாதியிடம் ஓடாமல் மருத்துவரிடம் அழைத்துச் செல்வோம். உழைத்துச் சேர்த்த காசை அச்சத்துக்கு விலையாகக் கொடுக்க வேண்டாம்.