ஸ்டீலி

அமெரிக்க எழுத்தாளர் கசாண்ட்ரா கிளேரின் ‘த மார்ட்டல் இன்ஸ்ட்ருமென்ட்ஸ்’ நாவல் வரிசையில் வரும் மந்திர எழுத்தாணி. முதல் நாவல் ‘சிட்டி ஆஃப் போன்ஸ்’ 2007இல் வெளியானது. அடமாஸ் என்னும் ஒளிரும் தேவ உலோகத்தில் ‘இரும்புச் சகோதரிகள்’ என்னும் பெண்கள் இதை வடிக்கிறார்கள்.

பேய்களை வேட்டையாடும் நிழல்வேட்டையர்கள் ‘ரூன்’ எனப்படும் குறிகளை இதைக்கொண்டு தம் உடலிலேயே வரைந்துகொள்வார்கள். முனை பட்ட இடம் சுடும், கருங்கோடு விழும், வலிமை தீர்ந்ததும் வெளுத்த தழும்பு எஞ்சும். ‘இராட்சே’ என்ற குறி காயம் ஆற்றும். தேவதூதரின் இரத்தம் கலவாத சாதாரண மனிதருக்கு இதே குறிகள் நஞ்சு: உயிர் போகும், அல்லது அறிவிழந்த ‘ஃபார்சேக்கன்’ ஆகிவிடுவார்கள்.

சக்திக்கு விலையாக வலியை வைத்ததே கிளேரின் கற்பனையில் ஆகச் சிறந்த அம்சம். நாயகி கிளேரி புதிய குறிகளையே படைக்க வல்லவள். ‘சிட்டி ஆஃப் ஆஷஸ்’ (2008) நாவலில் கப்பல் சுவரில் அவள் வரையும் திறப்புக் குறியால் ஆணிகள் கழன்று கப்பலே பிரிந்துபோகிறது. வரிசையில் ஸ்டீலியின் முழு வீச்சும் வெளிப்படும் இடம் இதுவே. 2013இல் திரைப்படமாகவும், 2016 முதல் 2019 வரை ‘ஷேடோஹன்டர்ஸ்’ தொலைக்காட்சித் தொடராகவும் இக்கதை வந்தது.