பாபர் பிறந்த மண், மூன்று நாடுகளின் எல்லை: ஃபெர்கானா பள்ளத்தாக்கில் என்ன சிக்கல்?

செல்போனில் மேப்பைத் திறந்து, மத்திய ஆசியாவைக் கொஞ்சம் பெரிதாக்கிப் பாருங்க. உஸ்பெகிஸ்தான், கிர்கிஸ்தான், தஜிகிஸ்தான் மூன்றும் சந்திக்கும் இடத்தில் எல்லைக்கோடு தாறுமாறாக வளைந்து போகும். போதாக்குறைக்கு, ஒரு நாட்டுக்குள் இன்னொரு நாட்டின் துண்டு நிலம் தீவு மாதிரி தனியாக இருக்கும்.

இதுதான் ஃபெர்கானா பள்ளத்தாக்கு. இந்தக் கோடுகளுக்காக 2021, 2022 ஆண்டுகளில் நடந்த மோதல்களில் மட்டும் 150-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். 2025 மார்ச்சில்தான் கடைசிப் பிரச்சினைக்கும் ஒப்பந்தம் கையெழுத்தானது. அப்படி என்ன சிக்கல் இங்கே? விரிவாகப் பார்க்கலாம்.

எங்கே இருக்கிறது?

வடக்கே தியான் ஷான் மலைத்தொடர், தெற்கே அலாய் மலைகள். நடுவில் சுமார் 300 கி.மீ நீளமும் 70 கி.மீ அகலமும் கொண்ட சமவெளி. மேற்கே குஜந்த் நகரத்தின் பக்கம் மட்டும்தான் மலை விலகி வழி விடுகிறது.

கிர்கிஸ்தான் மலைகளில் இருந்து வரும் நாரின், காரா தர்யா என்ற இரண்டு ஆறுகள் இங்கே ஒன்றுசேர்ந்து சிர் தர்யா ஆறாக ஓடுகின்றன. சுற்றிலும் வறண்ட நிலம் அதிகம் உள்ள மத்திய ஆசியாவில் இவ்வளவு தண்ணீரும் வண்டல் மண்ணும் கிடைப்பது அபூர்வம். அதனால்தான் பருத்தி, பழத்தோட்டம், பட்டு என இங்கே விவசாயம் செழித்தது. இந்தச் சின்ன இடத்தில் சுமார் ஒன்றரைக் கோடி பேர் வசிக்கிறார்கள். மத்திய ஆசியாவிலேயே மக்கள் நெருக்கம் மிக அதிகமான பகுதிகளில் ஒன்று இது.

இந்தியாவுக்கு என்ன தொடர்பு?

முகலாயப் பேரரசை உருவாக்கிய பாபர் இந்த ஊர்க்காரர்தான். 1483-ல் இங்குள்ள ஆண்டிஜான் நகரில் பிறந்தார். தந்தை இறந்ததால் 1494-ல், 11 வயதிலேயே ஃபெர்கானாவின் ஆட்சிக்கு வந்தார். பிறகு எதிரிகளிடம் மண்ணை இழந்து, காபூல் போய், 1526-ல் பானிபட்டில் வென்று டெல்லியைப் பிடித்தார். அவருடைய சுயசரிதையான பாபர்நாமாவின் தொடக்கத்திலேயே, ஆட்சிக்கு வந்ததைச் சொன்ன கையோடு, ஃபெர்கானா எங்கே இருக்கிறது என்ற வர்ணனை வருகிறது.

அதற்கும் முன்னாடி, இந்த ஊர்க் குதிரைகளுக்காக கி.மு. 2-ஆம் நூற்றாண்டின் கடைசியில் சீனாவின் ஹான் பேரரசு படையெடுத்து வந்தது. பட்டுப்பாதை வணிகமும் இந்த வழியாக நடந்தது.

கோடு போட்டது யார்?

19-ஆம் நூற்றாண்டில் இந்தப் பள்ளத்தாக்கு கோகந்த் கான்களின் ஆட்சியில் இருந்தது. 1876-ல் ரஷ்யப் பேரரசு அதைத் தன்னோடு இணைத்துக்கொண்டது. அதுவரைக்கும் இங்கே உஸ்பெக், கிர்கிஸ், தஜிக் என்று தனித்தனி நாடு எதுவும் கிடையாது. சமவெளியில் உழுதவர்களும், மலையில் ஆடு மேய்த்தவர்களும், ஊரில் கடை வைத்தவர்களும் ஒரே சந்தையில் பழகினார்கள். ஒரே வீட்டில் இரண்டு மொழி பேசுவதும் சகஜம்.

1924-ல் சோவியத் அரசு, மொழி மற்றும் இன அடிப்படையில் மத்திய ஆசியாவைப் பிரிக்கத் தொடங்கியது. முதலில் உஸ்பெக் குடியரசு உருவானது. அதற்குள் இருந்த தஜிக் பகுதி 1929-ல் தனிக் குடியரசானது. 1936-ல் கிர்கிஸ் குடியரசும் வந்தது.

ஆனா, கலந்து வாழும் மக்களை எப்படிக் கோடு போட்டுப் பிரிக்கிறது? ஒரு நகரத்தில் உஸ்பெக் மக்கள் அதிகம் இருப்பார்கள், அதைச் சுற்றியுள்ள மலைக் கிராமங்களில் கிர்கிஸ் மக்கள் இருப்பார்கள். இன அடிப்படையோடு பாசனம், சாலை, சந்தை, உள்ளூர்த் தலைவர்களின் கோரிக்கை எல்லாவற்றையும் பார்த்துத்தான் கோடு போட்டார்கள். பல இடங்களில் அதை முடிக்கவே இல்லை.

அப்போது இது பெரிய பிரச்சினையாகத் தெரியவில்லை. எல்லாமே ஒரே நாட்டுக்குள் இருந்த மாநில எல்லை மாதிரிதான். ஒரு குடியரசின் கால்வாய் இன்னொன்றின் வழியாகப் போகும், மேய்ச்சல் நிலத்தைக் குத்தகைக்கு எடுப்பார்கள், யாரும் பாஸ்போர்ட் கேட்க மாட்டார்கள்.

1991-ல் சோவியத் யூனியன் உடைந்ததும் அந்த நிர்வாகக் கோடுகள் எல்லாம் சர்வதேச எல்லைகளாக மாறின.

நாட்டுக்குள் நாடு

சோக் என்ற பகுதியை எடுத்துக்கொள்வோம். நிலம் உஸ்பெகிஸ்தானுடையது. சுற்றி இருப்பது முழுக்க கிர்கிஸ்தான். அங்கே வசிப்பவர்களில் பெரும்பாலோர் பேசுவது தஜிக். 2020-ல் ஒரு நீரூற்று யாருக்குச் சொந்தம் என்ற தகராறில் சோக் மக்களும் பக்கத்துக் கிர்கிஸ் கிராம மக்களும் மோதிக்கொண்டதில் பலர் காயமடைந்தனர்.

வோருக் இதே மாதிரி இன்னொரு இடம். இது தஜிகிஸ்தானின் பகுதி, ஆனால் சுற்றிலும் கிர்கிஸ்தான். பக்கத்தில் உள்ள தஜிக் நகரமான இஸ்ஃபாராவுக்குப் போகணும்னாலே கிர்கிஸ் நிலத்தைத் தாண்ட வேண்டியிருந்தது. சில கிராமங்களில் அடுத்தடுத்த வீடுகளே வேறு வேறு நாடு.

தண்ணீரில் தொடங்கிய சண்டை

2021 ஏப்ரலில் கோக்-தாஷ் கிராமத்துக்குப் பக்கத்தில் உள்ள தண்ணீர் பிரிக்கும் மதகு ஒன்றில் கண்காணிப்பு கேமரா பொருத்துவதில் தகராறு வந்தது. இஸ்ஃபாரா ஆற்றுத் தண்ணீர் கிர்கிஸ், தஜிக் வயல்களுக்குப் பிரிந்து போகும் இடம் அது. முதலில் இரு தரப்பு மக்களும் கல்லெறிந்தார்கள். அடுத்த நாள் ராணுவங்கள் சுட்டுக்கொண்டன. 50-க்கும் மேற்பட்டோர் இறந்தனர், வீடுகளும் பள்ளிகளும் எரிந்தன.

2022 செப்டம்பரில் அதைவிடப் பெரிய சண்டை. 100-க்கும் மேற்பட்டோர் பலியானார்கள். கிர்கிஸ் பக்கம் மட்டும் ஒரு லட்சத்துக்கும் அதிகமானோர் ஊரை விட்டு வெளியேறினர். சரியாக அதே நாட்களில்தான், பிரதமர் மோடியும் பங்கேற்ற ஷாங்காய் ஒத்துழைப்பு அமைப்பின் மாநாடு உஸ்பெகிஸ்தானின் சமர்கண்டில் நடந்தது. மோதிக்கொண்ட இரண்டு நாடுகளின் அதிபர்களும் அந்த மாநாட்டில் இருந்தார்கள்.

தீர்வு ஏன் இவ்வளவு தாமதம்?

ஆளுக்கொரு வரைபடம் வைத்திருந்ததுதான் முக்கியக் காரணம். தஜிகிஸ்தான் 1920, 30-களின் சோவியத் வரைபடங்களைக் காட்டியது. கிர்கிஸ்தானோ 1950-களின் வரைபடங்களைக் காட்டியது. இரண்டுமே சோவியத் ஆவணங்கள்தான், ஆனால் கோடு வேறு வேறு இடத்தில் இருந்தது.

முதல் மாற்றம் உஸ்பெகிஸ்தானில் வந்தது. அதிபர் கரிமோவ் காலத்தில் எல்லையில் கண்ணிவெடி வரைக்கும் வைத்திருந்தார்கள். 2016-ல் அவர் மறைந்த பிறகு பதவிக்கு வந்த மிர்சியோயெவ் எல்லைகளைத் திறந்தார். 2022-ல் உஸ்பெகிஸ்தானும் கிர்கிஸ்தானும் மிச்சமிருந்த எல்லைக்கு ஒப்பந்தம் போட்டன. அதில் கெம்பிர்-அபாத் நீர்த்தேக்கத்தின் நிலம் உஸ்பெகிஸ்தானுக்குப் போனது, பதிலுக்கு கிர்கிஸ்தானுக்கு வேறு நிலம் கிடைத்தது. அணையை இரண்டு நாடுகளும் சேர்ந்து நிர்வகிப்பதாக முடிவானது. இதை எதிர்த்த கிர்கிஸ் செயற்பாட்டாளர்கள் 20-க்கும் மேற்பட்டோர் கைதானார்கள்.

அடுத்து 2025 மார்ச் 13 அன்று கிர்கிஸ் அதிபர் ஜபாரோவும் தஜிக் அதிபர் ரஹ்மோனும் பிஷ்கெக் நகரில் கையெழுத்திட்டனர். சுமார் ஆயிரம் கி.மீ எல்லை முடிவானது. சில இடங்களில் நிலத்தை மாற்றிக்கொண்டார்கள். தண்ணீர், சாலைப் பயன்பாட்டுக்கும் தனி ஒப்பந்தங்கள் போட்டார்கள். மூடிக்கிடந்த சோதனைச் சாவடிகள் அன்றைக்கே திறந்தன. மார்ச் 31 அன்று குஜந்தில் மூன்று அதிபர்களும் கூடி, மூன்று எல்லைகளும் சந்திக்கும் புள்ளியை முடிவு செய்தனர்.

இனி என்ன?

நிலத்தை மாற்றிக்கொண்ட இடங்களில் வீடும் தோட்டமும் எல்லைக்கு அந்தப் பக்கம் போன குடும்பங்களுக்கு ஈடு கிடைக்க வேண்டும். மலையில் இருக்கும் கிர்கிஸ்தானுக்குக் குளிர்காலத்தில் மின்சாரத்துக்காக அணை நீரைத் திறக்கணும். கீழே இருக்கும் நாடுகளுக்கோ கோடையில் பாசனத்துக்குத் தண்ணீர் வேணும். பனிமலைகள் உருகிச் சுருங்கும்போது இந்த இழுபறி இன்னும் கூடும். எந்த இடத்தில் கோடு என்பது முடிவாகிவிட்டது. மழை குறைந்த ஆண்டில் மதகை யார், எவ்வளவு நேரம் திறப்பது என்பதில்தான் இந்த ஒப்பந்தம் தாங்குமா என்று தெரியும்.