இஸ்லாமியச் சிந்தனை மரபு: கலாமும் ஃபல்சஃபாவும் (8–14ஆம் நூற்றாண்டுகள்)

கலாம் என்பது இஸ்லாமிய நம்பிக்கைகளைத் தருக்கத்தின் துணையோடு நிறுவும் இறையியல் துறை. ஃபல்சஃபா என்பது கிரேக்க மெய்யியலை உள்வாங்கி அரபு மொழியில் வளர்ந்த மரபு. பஸ்ரா, பக்தாத், புகாரா, கொர்தோபா முதலிய நகரங்களில் இவ்விரண்டும் பல நூற்றாண்டுகள் மோதின. மோதிய வேகத்திலேயே ஒன்றின் சரக்கை மற்றொன்று எடுத்துக்கொண்டது. மெய்யியலை இறையியல் வீழ்த்திவிட்டது என்று பாடநூல்கள் சொல்லும் கதை பாதி உண்மைகூட இல்லை.

தொடக்கத்தில் இருந்தவை ஏட்டுக் கேள்விகள் அல்ல. நபிகள் நாயகம் 632இல் மறைந்து கால் நூற்றாண்டு கழிந்து, 657இல், சிஃப்பீன் போர்க்களத்தில் முஸ்லிம்கள் முஸ்லிம்களையே எதிர்த்து நின்றார்கள். பெரும்பாவம் செய்த முஸ்லிம் இன்னும் முஸ்லிம்தானா என்ற கேள்வி அங்கிருந்து எழுந்தது. அவன் காஃபிர் (இறைமறுப்பாளன்) என்றனர் காரிஜியாக்கள். தீர்ப்பை இறைவனிடம் விட்டுவிடுவோம் என்றனர் முர்ஜிஆக்கள். அடுத்த கேள்வி விதியைப் பற்றியது. எல்லாம் இறைவன் விதித்தபடியே நடக்கிறதென்றால் கொடுங்கோல் ஆட்சியும் அவன் விதித்ததுதானா? மனிதனுக்குத் தன் செயலில் சுதந்திரம் உண்டு என்று வாதிட்ட கைலான் அத்திமஷ்கியை உமையா கலீஃபா ஹிஷாமின் ஆட்சி (724–743) கொன்றது. விதிக் கொள்கை அரியணையைத் தாங்கும் தூணாகவும் இருந்ததென்பது இதிலிருந்து விளங்கும்.

முஃதஸிலாக்கள்

பஸ்ராவைச் சேர்ந்த வாஸில் இப்னு அதா (இறப்பு 748) பெரும்பாவிக்கு இரண்டுக்கும் நடுவே ஓர் இடம் கொடுத்தார். அவன் மூமினும் (நம்பிக்கையாளனும்) அல்லன், காஃபிரும் அல்லன். இந்த வழியில் வந்தவர்களே முஃதஸிலாக்கள். அவர்களின் கொள்கைகளில் தலையாயவை இரண்டு: இறைவன் ஒருவன், இறைவன் நீதியானவன். நன்மை தீமையை மனித அறிவு தானே உணரும்; அந்த நீதிக்கு மாறாக இறைவன் நடக்கமாட்டான்; ஆகவே மனிதன் தன் செயலுக்குத் தானே பொறுப்பு. இறைவனின் ஒருமையைக் கண்டிப்பாகக் காக்க முனைந்ததன் விளைவாக, குர்ஆன் அனாதியானது அன்று, படைக்கப்பட்டதே என்ற முடிவுக்கும் வந்தார்கள்.

அறிவின் பக்கம் நின்றவர்கள் இந்த முடிவை அரசின் சாட்டையால் நிலைநாட்ட முயன்றது வரலாற்றின் முரண். 833இல் கலீஃபா மஃமூன், காஜிகளும் (நீதிபதிகளும்) ஹதீஸ் (நபிமொழி) அறிஞர்களும் குர்ஆன் படைக்கப்பட்டது என்று ஒப்புக்கொள்ள வேண்டுமென ஆணையிட்டார். மிஹ்னா எனப்படும் இந்த விசாரணையில் பெரும்பாலோர் பணிந்தார்கள். இமாம் அஹ்மது இப்னு ஹன்பல் (780–855) பணியவில்லை. விலங்கிட்டு அனுப்பப்பட்ட அவர் மஃமூனை அடையும் முன்பே கலீஃபா இறந்துவிட்டார். அடுத்து வந்த முஃதஸிம் காலத்தில் அவருக்குக் கசையடி விழுந்தது. முதவக்கில் (ஆட்சி 847–861) இந்த விசாரணையைக் கைவிட்டபோது ஹதீஸ் அறிஞர்களின் செல்வாக்கு முன்னைவிட ஓங்கியிருந்தது. மார்க்கக் கோட்பாட்டை வகுக்கும் அதிகாரம் கலீஃபாவின் கையைவிட்டு உலமாக்களின் (மார்க்க அறிஞர்களின்) கைக்குப் போனதில் மிஹ்னாவின் தோல்விக்குப் பெரும் பங்கு உண்டு.

அஷ்அரி

அபுல் ஹசன் அல்அஷ்அரி (874–936) ஏறத்தாழ நாற்பது வயதுவரை முஃதஸிலாவாக இருந்தவர். பஸ்ராவின் ஜுப்பாயீயிடம் படித்தார். அவர் ஆசிரியரைவிட்டுப் பிரிந்ததற்குக் காரணமாக ஒரு கதை சொல்லப்படுகிறது. சகோதரர் மூவர். ஒருவர் இறைநேசராக வாழ்ந்து இறந்தார், ஒருவர் காஃபிராக இறந்தார், ஒருவர் குழந்தையிலேயே இறந்தார். சொர்க்கத்தில் தனக்கும் அண்ணனின் உயர்பதவி வேண்டுமென்று குழந்தை கேட்டால் என்ன பதில் என்றார் மாணவர். அண்ணன் செய்த நற்செயல்களை நீ செய்யவில்லை என்று இறைவன் சொல்வான் என்றார் ஆசிரியர். என்னை வாழவிட்டிருந்தால் நானும் செய்திருப்பேனே என்று குழந்தை சொன்னால்? நீ வளர்ந்தால் பாவியாவாய் என்று அறிந்தே உன் நன்மைக்காக முன்னமே அழைத்துக்கொண்டேன் என்பான். அப்போது நரகத்திலிருக்கும் சகோதரன் எழுந்து, என் கதியும் உனக்குத் தெரியுமே, என்னை ஏன் குழந்தையிலேயே அழைக்கவில்லை என்று கேட்டால்? ஜுப்பாயீ வாய் திறக்கவில்லையாம். உரையாடல் உண்மையில் நடந்ததா என்று வரலாற்றாசிரியர்கள் ஐயுறுகிறார்கள். நடக்காவிட்டாலும் இறைநீதி வாதத்தின் வலுவற்ற இடத்தை இதைவிடக் கூர்மையாகத் தொட முடியாது.

அஷ்அரி, முஃதஸிலாக்களின் தருக்கத்தைக் கைவிடாமலே அவர்களுடைய முடிவுகளை மறுத்தார். இறைவன் செய்வதே நீதி. மனித அளவுகோலுக்கு அவன் கட்டுப்பட்டவன் அல்லன். செயலைப் படைப்பவன் இறைவன். அதைத் தனதாக்கிக்கொள்பவன் மனிதன். ‘கஸ்பு’ எனப்படும் இந்த விளக்கம் எவரையும் முழுமையாகத் திருப்திப்படுத்தியதாகத் தெரியவில்லை. அஷ்அரிகளே தலைமுறைதோறும் அதைத் திருத்திக்கொண்டிருந்தார்கள். சமர்கந்தில் மாதுரீதி (இறப்பு 944) ஏறக்குறைய இதே இலக்குக்கு வேறு பாதையில் வந்து, மனித அறிவுக்கும் விருப்பத்துக்கும் சற்றுக் கூடுதல் இடம் கொடுத்தார். பிற்காலத்தில் ஷாஃபி மத்ஹபினரில் (சட்டப்பள்ளியினரில்) பெரும்பாலோர் அஷ்அரியையும் ஹனஃபிகளில் பெரும்பாலோர் மாதுரீதியையும் பின்பற்றினர்.

கிரேக்கத்திலிருந்து வந்தவை

762இல் நிறுவப்பட்ட பக்தாதில் அப்பாசியக் கலீஃபாக்களும் செல்வந்தர்களும் பொருள் கொடுத்து மொழிபெயர்ப்புகளை வளர்த்தார்கள். உழைத்தவர்களில் பலர் சிரியக் கிறித்தவர்கள். நெஸ்தோரியரான ஹுனைன் இப்னு இஸ்ஹாக் (809–873) ஒரே நூலின் பல பிரதிகளைத் தேடி ஒப்பிட்டுப் பாடம் தேர்ந்தபின்பே மொழிபெயர்த்தவர். குழப்பங்களும் நேர்ந்தன. ‘அரிஸ்டாட்டிலின் இறையியல்’ என்ற பெயரில் உலவிய அரபு நூல் உண்மையில் பிளோட்டினஸின் எழுத்துகளைத் தழுவியது. எல்லாம் ஒரே மூலத்திலிருந்து ஒளிபோல் வழிகின்றன என்னும் அதன் கருத்தை அரிஸ்டாட்டிலின் பெயரிலேயே முஸ்லிம் மெய்யியலார் பலர் படித்தார்கள்.

அரபியரின் முதல் மெய்யியலாளர் எனப்படும் கிந்தி (இறப்பு ஏறத்தாழ 873) உண்மை எந்த இனத்தாரிடமிருந்து வந்தாலும் ஏற்க வெட்கப்படக் கூடாது என்று எழுதினார். அரிஸ்டாட்டிலுக்கு அடுத்த ‘இரண்டாம் ஆசான்’ என்று போற்றப்பட்ட ஃபாராபி (இறப்பு 950), மெய்யியலாளர் அறிவால் அறிவதையே மதம் உருவகங்களால் மக்களுக்குச் சொல்கிறது என்றார். இறையியலாருக்கு இது எவ்வளவு எரிச்சலூட்டியிருக்கும் என்பது சொல்லாமலே விளங்கும்.

புகாரா அருகே பிறந்த இப்னு சீனா (980–1037) அரிஸ்டாட்டிலின் மெய்ப்பொருளியலை நாற்பது முறை படித்து மனப்பாடமாகியும் பொருள் புரியவில்லை என்று தன் வரலாற்றில் சொல்கிறார். ஒருநாள் புத்தகக் கடைத்தெருவில் ஒருவர் வற்புறுத்தவே மூன்று திர்ஹத்துக்கு ஒரு சிறுநூலை வாங்கினார். அது அந்நூலைப் பற்றி ஃபாராபி எழுதிய விளக்கம். வீட்டுக்கு விரைந்து படித்ததும் எல்லாம் தெளிந்ததாம். மறுநாள் ஏழைகளுக்குத் தர்மம் செய்தார். இருக்கும் பொருள்கள் யாவும் இல்லாமலும் இருந்திருக்கக் கூடியவை, இருந்தே தீர வேண்டியவன் இறைவன் ஒருவனே என்பது இப்னு சீனாவின் மையக் கருத்து. எதிரிகளும் எடுத்தாண்ட கருத்து இது.

கஸ்ஸாலியும் இப்னு ருஷ்தும்

தூஸில் பிறந்த இமாம் கஸ்ஸாலி (1058–1111), செல்ஜூக் அமைச்சர் நிஜாமுல் முல்க் பக்தாதில் நிறுவிய நிஜாமிய்யா மதரஸாவில் 1091இல் பேராசிரியரானார். அங்கே, பாடம் நடத்திய நேரம் போக மிச்ச நேரத்தில் மெய்யியல் நூல்களைத் தாமே படித்து, முதலில் ஃபல்சஃபாவின் கொள்கைகளை விளக்கி ஒரு நூலும், பின் ‘தஹாஃபுத்துல் ஃபலாஸிஃபா’ என்ற மறுப்பு நூலும் எழுதினார். மறுப்பு நூலில் 20 விவாதங்கள். உலகம் அனாதியானது, இறைவன் தனித்தனிப் பொருள்களைத் தனித்தனியே அறிவதில்லை, மறுமையில் உடல் எழுப்பப்படுவதில்லை என்னும் மூன்றும் இஸ்லாத்தைவிட்டே வெளியேற்றுபவை என்பது அவர் தீர்ப்பு. 17ஆம் விவாதம் காரண காரியத்தைப் பற்றியது. நெருப்பு பட்டதும் பஞ்சு எரிவதைக் காண்கிறோம். பட்ட *போது* எரிந்தது என்பதுதான் கண்ணுக்குத் தெரிகிறது, பட்ட*தால்* எரிந்தது என்பதற்குக் காட்சியில் சான்று இல்லை என்றார். தருக்கத்தை அவர் மறுக்கவில்லை. அது தெரியாதவரின் அறிவை நம்ப முடியாது என்றே பின்னாளில் எழுதினார். மெய்யியலின் கருவி மதரஸாவுக்குள் நுழைய வாசல் திறந்தவர்களில் முதன்மையானவர் அவரே.

1095இல் அவருக்குப் பேச்சே எழவில்லை, மருத்துவர்கள் கைவிரித்தார்கள். பதவியைத் துறந்து டமாஸ்கஸ், ஜெருசலேம், மக்கா என்று அலைந்தார். ‘இஹ்யா உலூமித்தீன்’ நூலில் ஷரீஅத்தையும் சூஃபி நெறியையும் இணைத்தார். 922இல் சூஃபி ஹல்லாஜுக்கு மரண தண்டனை நிறைவேற்றிய பக்தாதில், சூஃபித்துவம் உலமாக்களின் மதிப்பைப் பெற இந்த இணைப்பு பெரிதும் உதவியது.

அந்தலூஸிலிருந்து (முஸ்லிம் ஆட்சியிலிருந்த ஸ்பெயினிலிருந்து) பதில் வந்தது. கொர்தோபாவின் காஜி இப்னு ருஷ்து (1126–1198) ‘தஹாஃபுத்துத் தஹாஃபுத்’தில் கஸ்ஸாலிக்கு வரிக்கு வரி விடையளித்தார். காரணங்களை மறுப்பவர் அறிவையே மறுக்கிறார் என்பது அவர் வாதம். ‘ஃபஸ்லுல் மகால்’ நூலை அவர் அமைத்த விதம் இன்னும் சாமர்த்தியமானது: மெய்யியல் கற்பது ஷரீஅத்தில் ஆகுமா, ஆகாதா, கடமையா என்று ஒரு ஃபத்வா போலத் தொடங்கி, தகுதியுடையோருக்குக் கடமை என்று தீர்ப்பளித்தார். 1195இல் அவரை லுசேனாவுக்கு நாடு கடத்தினார்கள். மராகேஷில் இறந்தபின் உடலைக் கொர்தோபாவுக்குக் கொண்டுவந்தபோது, பொதி விலங்கின் ஒரு பக்கம் உடலையும் மறுபக்கம் எடைக்கு அவருடைய நூல்களையும் ஏற்றியிருந்ததை இளைஞரான சூஃபி இப்னு அரபி நேரில் கண்டு பதிவு செய்திருக்கிறார். அந்த நூல்களுக்கு லத்தீனிலும் எபிரேயத்திலும் கிடைத்த வாசகர் கூட்டம் அரபியில் கிடைக்கவில்லை.

பின்னர்

கஸ்ஸாலியோடு மெய்யியல் மடிந்தது என்ற கருத்து ஐரோப்பிய அறிஞர்களால் 19ஆம் நூற்றாண்டில் பரவியது. சான்றுகள் அதற்கு எதிராகவே உள்ளன. ஃபக்ருத்தீன் ராஸி (இறப்பு 1210) இப்னு சீனாவுக்கு உரையெழுதித் தாக்கினார். நசீருத்தீன் தூசி (1201–1274) மறு உரையெழுதிக் காத்தார். தருக்கத்தையே மறுத்து எழுதிய இப்னு தைமிய்யா (1263–1328), அதை மறுக்க வேண்டிய அளவுக்கு அது வேரூன்றியிருந்ததற்குச் சாட்சி. ஈஜியின் (இறப்பு 1355) ‘மவாகிஃப்’ என்ற கலாம் நூலில் ஆறு பகுதிகள். முதல் நான்கும் அறிவு, உள்ளமை, பண்பு, பொருள் ஆகியவற்றைப் பற்றியவை, இறைவனைப் பற்றிய பேச்சு ஐந்தாம் பகுதியில்தான் வருகிறது. கலாமும் மெய்யியலும் பிரித்தறிய முடியாதபடி கலந்துவிட்டன என்று இப்னு கல்தூன் (1332–1406) குறை கூறியது இத்தகைய நூல்களைத்தான்.

மாதுரீதி மரபைச் சேர்ந்த நஸஃபியின் கொள்கைச் சுருக்கத்துக்கு 14ஆம் நூற்றாண்டில் தஃப்தாஸானி எழுதிய ‘ஷரஹுல் அகாயித்’ என்ற உரை, லக்னோவில் 18ஆம் நூற்றாண்டில் வகுக்கப்பட்ட தர்ஸே நிஜாமி பாடத்திட்டத்தில் இடம்பெற்று, இன்றும் இந்திய மதரஸாக்கள் பலவற்றில் பாடநூலாக உள்ளது.