குதிரையோடு விழுந்தவர்

மௌனப்படக் காலத்துச் செய்திப்படங்களுள் இன்றளவும் மீண்டும் மீண்டும் காட்டப்பெற்று வருவது, 1913ஆம் ஆண்டு ஜூன் 4ஆம் நாள் இங்கிலாந்தின் எப்சம் திடலில் எடுக்கப்பெற்ற சில நொடித் துண்டு. டர்பி குதிரைப் பந்தயம் நடைபெறுகிறது. டாட்டன்ஹாம் வளைவில் குதிரைகள் பாய்ந்து வருகின்றன. தடுப்பைக் கடந்து ஒரு பெண் ஓடுதளத்துள் நுழைகிறார். கண்ணிமைக்கும் நேரத்தில் அவரும், ஒரு குதிரையும், அதன் மீதிருந்தவரும் தரையில் உருள்கின்றனர்.

அப்பெண், வாக்குரிமைப் போராளி எமிலி வைல்டிங் டேவிசன். நான்கு நாள் கழித்து, ஜூன் 8இல், எப்சம் மருத்துவமனையில் உயிர்நீத்தார். குதிரையின் பெயர் ஆன்மர். அதன் உரிமையாளர் மன்னர் ஐந்தாம் ஜார்ஜ். இவ்விரு பெயர்களும் எல்லா நூல்களிலும் உள்ளன. குதிரையோட்டியையோ பலர் 'மன்னரின் ஜாக்கி' என்ற அளவில் விட்டுவிடுகின்றனர்.

அவர் ஹெர்பர்ட் ஜோன்ஸ். மன்னர் குடும்பத்துக் குதிரைகளைப் பராமரித்த ரிச்சர்ட் மார்ஷின் லாயத்தில் பணியாற்றியவர். டைமண்ட் ஜூபிலி என்னும் முரட்டுக் குதிரை தன்னைப் பேணிய இவ்விளைஞரையன்றி வேறு எவருக்கும் அடங்க மறுத்தமையால், பெயர்பெற்ற ஜாக்கிகளை விடுத்து இவரையே ஏற்ற வேண்டியதாயிற்று. 1900ஆம் ஆண்டின் டர்பி உள்ளிட்ட மூன்று பெரும் பந்தயங்களையும் அக்குதிரையில் வென்றார். 1909இல் மினோரு என்ற குதிரையில் மீண்டும் டர்பியை வென்றார். ஆட்சியிலிருக்கும் மன்னர் ஒருவரின் குதிரை டர்பியை வென்றது அதுவே முதன்முறை. இத்தகையவர்தாம் செய்திப்படத்தில் ஒரு தொப்பியும் ஒரு சட்டையுமாகத் தோன்றி மறைகிறார். ஊதா உடலும் செந்நிறக் கைகளும் கொண்ட அரச சீருடை கறுப்பு வெள்ளைப் படத்தில் வெறும் சாம்பல் நிறமாகிவிட்டது. தொலைவிலிருந்து எடுத்த படமாதலின் முகமும் தெளிவாகத் தெரிவதில்லை.

பாத்தே, கோமான் முதலிய நிறுவனங்களின் படப்பிடிப்பாளர்கள் அன்று பந்தயத்தைப் படமாக்கவே வந்திருந்தனர். வாக்குரிமை இயக்கத்தின் துணியொன்றைக் குதிரையின் கடிவாளத்தில் கட்ட டேவிசன் முயன்றாரா, உயிரைத் துறக்கத் துணிந்தாரா என்பதை அறிய ஆய்வாளர்கள் அத்துண்டினை ஒவ்வொரு சட்டமாக நிறுத்திப் பார்த்துள்ளனர். அவரிடம் திரும்பும் பயணத்திற்கான ரயில் சீட்டு இருந்ததும் சான்றாகக் காட்டப்படுகிறது. இத்தனை ஆராய்ச்சியிலும் ஜோன்ஸ் மீது பார்வை விழவில்லை. டேவிசனின் ஈகத்தைப் போற்றுதற்கு அவரோடு விழுந்தவரை மறக்க வேண்டும் என்பதில்லை.

ஜோன்ஸ் தலையில் அடிபட்டும், உடலில் காயங்களுற்றும் உயிர் பிழைத்தார், மீண்டும் குதிரையேறினார், 1923இல் ஓய்வு பெற்றார். 1951இல் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். இதனை எப்சம் நிகழ்ச்சியோடு நேராக முடிச்சிட்டு எழுதுவோர் உண்டு. இடையே 38 ஆண்டுகள் கழிந்திருப்பதை அவர்கள் எண்ணுவதில்லை. அம்முடிச்சு திரைக்கதைக்குப் பொருந்தலாம், வரலாற்றுக்குப் பொருந்தாது.

அவர் உள்ளத்தை ஓரளவு காட்டும் செயல் ஒன்று உண்டு. 1928 ஜூனில் வாக்குரிமை இயக்கத் தலைவி எம்மெலின் பாங்கர்ஸ்ட் காலமானார். ஆண்களைப் போலவே 21 வயது நிரம்பிய பெண்களும் வாக்களிக்க வழிசெய்த சட்டம் நிறைவேறச் சில வாரங்களே இருந்தன. அவ்விறுதிச் சடங்கில் ஜோன்ஸ் ஒரு மலர்வளையம் வைத்தார். அதில் பாங்கர்ஸ்டின் பெயரோடு எமிலி டேவிசனின் பெயரும் எழுதப்பட்டிருந்தது.