ஒரே உலையில் வெந்த பாட்டு

ஜவ்வாது மலையிலுள்ள காவலூரின் பெயரை நம்மில் பலர் வானியல் வழியாகவே அறிந்திருக்கிறோம். 1977ஆம் ஆண்டில் யுரேனஸ் கோளைச் சூழ்ந்த வளையங்களைக் கண்டறிந்த பணியில் இவ்வூரிலுள்ள ஒரு மீட்டர் தொலைநோக்கிக்கும் பங்கு உண்டு. 1986இல் அதனினும் பெரிய, 2.34 மீட்டர் விட்டமுள்ள தொலைநோக்கி இங்கே நிறுவப்பெற்றது. நெடுந்தொலைவிலிருந்து வரும் மங்கிய ஒளியையும் வீணாக்காது ஏந்திக்கொள்வதே அக்கருவியின் வேலை.

அதே மலையில் சாமை விதைத்து வாழும் மக்கள் இருக்கின்றனர். எல்லா மலையூர்களிலும் போலவே இங்கும் விதைப்புக்கும் தாலாட்டுக்கும் இழவுக்கும் பாட்டு உண்டு. விண்மீனின் ஒளியை ஏந்தக் கருவி செய்த நாம், அருகிலிருக்கும் ஏழையின் குரலை ஏந்த என்ன செய்தோம்? திருச்சபையின் பிள்ளைகளாகிய நமக்கு இக்கேள்வி இன்னும் நெருக்கமானது. எந்தப் பாட்டு பீடத்தின் முன் நிற்கத் தகும்? எது வாசலுக்கு வெளியே நிற்க வேண்டும்? இதை யார் தீர்மானிப்பது?

இக்கேள்விக்குத் தம் வாழ்வையே விடையாகத் தந்தவர் ஒருவர் தமிழகத்தில் வாழ்ந்தார். அவர் கத்தோலிக்கர் அல்லர். தென்னிந்தியத் திருச்சபையின் போதகர். பெயர் தியோப்பிலஸ் அப்பாவு. 1940இல் பிறந்து 2005இல் மறைந்த அவரை மாணவர்கள் 'பரட்டை அண்ணன்' என்றே அழைத்தனர். சீப்புக்கு அடங்காத தலைமுடியைக் குறித்த அச்சொல்லை, மக்கள் இசைஞர் ஒருவருக்குரிய பட்டமாகவே அவர் ஏற்றுக்கொண்டார். மதுரை அரசரடியிலுள்ள தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் பல ஆண்டுகள் கற்பித்த அவர், தாமே பாட்டெழுதி, தாமே மெட்டமைத்து, தாமே பாடியவர்.

அவருடைய முயற்சியின் அருமை விளங்க, தமிழ்க் கிறிஸ்தவ இசையின் வரலாற்றைச் சிறிது நினைவுகூர வேண்டும். வீரமாமுனிவர் பதினெட்டாம் நூற்றாண்டில் தேம்பாவணியைப் பாடினார். தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் (1774-1864) குறவஞ்சி என்னும் நாடக வடிவத்தை எடுத்துப் பெத்லகேம் குறவஞ்சி இயற்றினார். நம்மவரான மாயூரம் வேதநாயகம் பிள்ளை (1826-1889) சர்வ சமய சமரசக் கீர்த்தனைகளைத் தந்தார். இவை தமிழுக்குக் கிடைத்த செல்வங்கள், அதில் ஐயமில்லை. ஆயினும் காலப்போக்கில் ஆலய இசை பெரும்பாலும் இரண்டு வழிகளிலேயே சென்றது. ஒன்று, மேல்நாட்டிலிருந்து வந்த மெட்டு. மற்றொன்று, இராகமும் தாளமும் கற்றவர்க்குரிய கீர்த்தனை. களத்துமேட்டில் பாடிய பெண், ஆலயத்துக்குள் நுழைந்ததும் தன் பாட்டை வாசலில் கழற்றி வைத்துவிட்டுப் பிறர் பாட்டைக் கற்க வேண்டியிருந்தது.

கர்நாடக இசையும் மேலை இசையும் அறிந்தவரே அப்பாவு. கற்காததால் நாட்டுப்புற இசையை நாடியவர் அல்லர். கற்றபின் அதனைத் தேர்ந்தவர். ஆலயத்தில் ஒலிக்கும் செந்தமிழும் கீர்த்தனையும் சிற்றூர் மக்களின் வாழ்வைத் தொடவில்லை என்பதை அவர் கண்டார். மொழியும் மெட்டும் அவர்களுடையனவாக இல்லாதபோது, கடவுளும் அவர்களுடையவராகத் தோன்றுவது எங்ஙனம்? 1986இல் வெளிவந்த அவருடைய ஆங்கில நூல், சமூக மாற்றத்திற்கு நாட்டுப்புறவியல் எவ்வாறு துணைநிற்கும் என்பதையே ஆராய்ந்தது. தொண்ணூறுகளில் அவர் அமைத்த கிராமிய இசை வழிபாடு, பேச்சுத்தமிழிலேயே மன்றாட்டையும் அறிக்கையையும் நன்றியையும் பாட்டாக்கியது.

நாட்டுப்புற இசையை அவர் மேற்கொண்டதற்கு அழகுணர்ச்சி மட்டும் காரணம் அன்று. கீர்த்தனையை இயற்றியவர் ஒருவர். அதைப் பிழையின்றிப் பாடுவதே மற்றவர் கடமை. நாட்டுப்பாடலின் நிலை வேறு. பாடுகிறவள் தன் ஊரின் பெயரைச் சேர்ப்பாள். தன் துயரத்துக்கேற்ப ஓர் அடியை மாற்றுவாள். பின்வருபவள் அதனையும் மாற்றுவாள். அதற்கு ஏடும் வேண்டாம், விலையுயர்ந்த கருவியும் வேண்டாம். ஆகவே பாட்டு என்றும் மக்கள் கையிலேயே இருக்கிறது. இறையியலும் அவ்வாறே மக்கள் கையில் இருக்க வேண்டும் என்பது அப்பாவுவின் துணிபு. தம்முடைய பாடல்களைப் பிறர் மாற்றிப் பாடுவதை அவர் குறையாகக் கருதவில்லை. பாட்டு உயிரோடிருப்பதன் அடையாளமாகவே கொண்டார்.

இங்கே பறையைப் பற்றிப் பேசாமல் இருக்க முடியாது. மரச்சட்டத்தில் மாட்டுத்தோலை இழுத்துக் கட்டி, நெருப்பில் காய்ச்சி, இரு குச்சிகளால் முழக்கும் அக்கருவி சாவுக்குரியதென ஒதுக்கப்பட்டது. அதை அடிப்பவர் தீண்டத்தகாதவராக ஆக்கப்பட்டார். அதனாலேயே தலித் கிறிஸ்தவப் பெரியவர்களில் பலர் பறையைக் கீழே போடுவதையே விடுதலை எனக் கருதினர். கூலியின்றியும் மதிப்பின்றியும் பிறர் வீட்டுச் சாவுக்கு அடிக்க வேண்டியிருந்தவர்களின் முடிவு அது. அதனை எளிதாகப் புறந்தள்ளுதல் நீதியாகாது. அப்பாவுவும் அவரையொத்தவரும் வேறொரு வழியைக் காட்டினர். இழிவு தோலில் இல்லை. கட்டாயப்படுத்தியவனின் உள்ளத்தில் இருந்தது. ஆகவே கருவியைத் துறப்பதைவிட, கட்டாயத்தை ஒழித்துவிட்டு அதே கருவியை இறைவன் திருமுன் தலைநிமிர்ந்து முழக்குவதே நிறைவான விடுதலை என்றனர். இரு தரப்பாரும் தேடியது ஒன்றே, மனித மாண்பு. 2025இல் மதுரைப் பக்கத்துப் பறையிசைக் கலைஞர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டபோது, அந்த நெடிய பயணம் எவ்வளவு தொலைவு வந்துள்ளது என்பதை நாடு கண்டது.

அப்பாவுவின் சிந்தனைக்கு நடுநாயகமாக நின்ற சொல் 'ஒரு உலை' என்பது. ஒரே அடுப்பில் ஒரே உலை ஏற்றி, எல்லாரும் ஒன்றாக உண்ணும் குடும்பமே அவர் கண்ட இறையாட்சி. தனித்தனி அடுப்பும் தனித்தனிக் குவளையும் உள்ள ஊரில் இச்சொல்லின் கனம் சொல்லாமலே விளங்கும். ஆண்டவர் கற்பித்த செபத்தில் நாம் 'எனக்கு' என்று உணவு கேட்பதில்லை. 'எங்களுக்கு' என்றே கேட்கிறோம். நற்கருணைப் பந்தியில் ஒரே அப்பத்தில் பங்குகொள்கிறோம். அவ்வாறிருக்க, கல்லறையிலும் தேர்த்தெருவிலும் சாதிக்கோடு கிழிக்கும் பங்குகள் நம்மிடையே இருந்தன. முற்றிலும் மறைந்துவிட்டன என்று நெஞ்சில் கைவைத்துச் சொல்ல முடியுமா? ஓர் உலையில் உண்ணாதவர் ஒரு பீடத்தில் எப்படி உண்பர் என்பதே அப்பாவுவின் வாழ்வு நம்மிடம் கேட்கும் கேள்வி.

இது பிற சபையாரின் செய்தி என்று நாம் ஒதுங்கிவிட இயலாது. 1963ஆம் ஆண்டு டிசம்பர் 4ஆம் நாள் இரண்டாம் வத்திக்கான் சங்கம் வெளியிட்ட திருவழிபாட்டுக் கொள்கைத் திரட்டு, ஒவ்வொரு மக்களினத்தின் இசை மரபுக்கும் வழிபாட்டில் உரிய இடம் தரப்பட வேண்டும் என்று கற்பித்தது. மறையறிவிப்பு நாடுகளின் மக்களுக்கு அவர்தம் சமய உணர்வை உருவாக்குவதில் இசைக்குப் பெரும்பங்கு உண்டு என்பதையும் அது எடுத்துரைத்தது. தமிழில் திருப்பலி வந்தது பெரும்பேறு. ஆனால் எந்தத் தமிழ், எவருடைய தமிழ் என்னும் கேள்வி அத்தோடு முடிந்துவிடவில்லை.

அப்பாவு மறைந்தபின் 2014இல், அவரிடம் பயின்ற அமெரிக்க இசை ஆய்வாளர் சோயி ஷெரினியன் அவருடைய இசையையும் இறையியலையும் ஆராய்ந்து ஆங்கிலத்தில் நூல் வெளியிட்டார். நம் ஊர்ப் பாட்டின் பெருமையைக் கடல்கடந்து வந்த ஒருவர் பொறுமையாகக் கேட்டு எழுதினார் என்பது மகிழ்ச்சிக்குரியது; நமக்குச் சற்று நாணம் தரவேண்டியதும்கூட.

மீண்டும் காவலூருக்கு வருவோம். மலையூர்களுக்குச் செல்லும் நம் பணியாளர்களும் பாடகர் குழுவினரும் அச்சிட்ட பாடல் ஏட்டை எடுத்துச் செல்கின்றனர்; நன்று. அதைத் திறக்குமுன், அங்கே திண்ணையில் அமர்ந்திருக்கும் மூதாட்டியிடம், "பாட்டி, நீங்கள் என்ன பாடுவீர்கள்?" என்று கேட்டால் என்ன? அவர் முதலில் நாணுவார். தம் பாட்டு சாமிக்கு ஆகாது என்றும் சொல்லக்கூடும். அப்படிச் சொல்லும்படி அவரைப் பழக்கியது யார் என்று எண்ணிப் பார்ப்பதே நம் முதல் மனமாற்றம். நாசரேத்தூர்ச் சிற்றூரின் ஏழைக் கன்னி ஒருத்தி பாடிய பாட்டைத்தான் திருச்சபை இன்றளவும் ஒவ்வொரு மாலையும் பாடிக்கொண்டிருக்கிறது.