நாரத்தை போன வழியும் வந்த வழியும்



மார்கழி பிறந்து, கிறிஸ்து பிறப்புப் பெருவிழா நெருங்கும் நாட்களில் நம்மவரிடையே ஆண்டுதோறும் ஒரு கேள்வி எழுவதுண்டு. “சாமி, கேக் என்பது வெள்ளைக்காரர் வழக்கம்தானே? நமக்கு அதிரசமும் முறுக்கும் போதாதா?” என்று பெரியவர்கள் கேட்பர். பலகாரத்தைப் பற்றிய சிறு கேள்வியாகத் தோன்றினாலும், இதன் அடியில் பெரிய கேள்வியொன்று மறைந்திருக்கிறது. நமது விசுவாசமே இம்மண்ணுக்கு அந்நியமானதா என்பதே அது. யூபிலி கொண்டாடும் பங்கு தன் வேர்களை எண்ணிப் பார்ப்பது முறை. ஆகவே, ஒரு பலகாரத்தின் வரலாற்றை இங்குச் சற்றே சிந்திப்போம்.

கிறிஸ்மஸ் கேக்கை வாயிலிட்டதும் எழும் மணங்களுள் முதன்மையானது ஆரஞ்சு, எலுமிச்சை ஆகியவற்றின் தோல் மணமாகும். அத்தோலைச் சர்க்கரைப் பாகில் ஊறவைத்து, உலர்த்தி, நறுக்கிச் சேர்ப்பார்கள். இந்தக் கனிகளின் தாயகம் எது? இமயமலையின் தென்கிழக்கு அடிவாரமே என்று 2018-ஆம் ஆண்டு வெளியான மரபணு ஆய்வு கூறுகிறது. அஸ்ஸாம், வட பர்மா, சீனத்தின் யுன்னான் ஆகிய பகுதிகள் அதில் அடங்கும். பெயரும் நம் பக்கத்துப் பெயர்தான். வடமொழியின் ‘நாரங்கம்’ பாரசீகத்தில் ‘நாரங்’ ஆகி, அரபியில் ‘நாரஞ்சு’ ஆகி, ஐரோப்பாவில் ‘ஆரஞ்சு’ ஆயிற்று. அந்த நாரங்கமே நம் நாரத்தை, மலையாளத்து நாரகம் என்னும் திராவிடச் சொல்லிலிருந்து பிறந்தது என்பது மொழியறிஞர் பலரின் கருத்து.

இக்குடும்பத்தில் முதன்முதல் மேற்கே பயணம் போனது, தடித்த தோலுடைய நாரத்தை இனமே. கி.மு. நான்காம் நூற்றாண்டிலேயே கிரேக்க அறிஞர் தியோபிராஸ்டஸ் அதை மேதிய நாட்டுக் கனி என்று எழுதி வைத்தார். யூதர்கள் அதை ‘எத்ரோக்’ என்று அழைத்து, கூடாரத் திருவிழாவில் கையிலேந்தினார்கள். லேவியர் நூல் 23-ஆம் அதிகாரம் 40-ஆம் வசனம் குறிப்பிடும் அழகிய மரத்தின் கனி அதுவே என்பது யூத மரபு. நம் ஆண்டவரும் கூடாரத் திருவிழாவுக்கு எருசலேம் சென்றார் என யோவான் நற்செய்தி 7-ஆம் அதிகாரத்தில் வாசிக்கிறோம். அங்கே மக்கள் கைகளில் இருந்த கனி, நம் வீட்டு ஊறுகாய்ச் சாடியில் இருக்கும் நாரத்தைக்கு உறவு என்று அறியும்போது உள்ளம் மகிழ்கிறதல்லவா?

பின்னர், ஏறத்தாழ பத்தாம் நூற்றாண்டில், அரபியர் புளிப்பு ஆரஞ்சையும் எலுமிச்சையையும் சிசிலிக்கும் ஸ்பெயினுக்கும் கொண்டுசென்றனர். கரும்புச் சர்க்கரையும் அவர்களோடு போயிற்று. அதுவும் இந்தியச் சரக்கே. வடமொழியின் ‘சர்க்கரா’ அங்கே ‘சுக்கர்’ ஆனது. நாம் கற்கண்டு என்கிறோமே, அந்தக் ‘கண்டு’ வடமொழிக் ‘கண்ட’த்தின் வழி ஆங்கிலத்தில் ‘கேண்டி’ ஆனது. நம் கனியின் தோலும் நம் நாட்டுச் சர்க்கரையும் ஐரோப்பியச் சமையலறையில் ஒன்றுசேர்ந்தன.

அக்காலத்தில் திருவருகைக் காலம் ஒறுத்தலின் காலம். நம் முன்னோர் அறிந்தபடி, கிறிஸ்து பிறப்பின் திருவிழிப்பு நாளில் ஒருசந்தியும் சுத்தபோசனமும் 1966 வரை திருச்சபையில் கட்டளையாகவே இருந்தன. ஜெர்மனியின் சாக்சனி நாட்டில் அந்நாட்களில் வெண்ணெய்கூட விலக்கப்பட்டிருந்தது. எண்ணெயில் செய்த ரொட்டி சுவையற்றிருந்ததால் அந்நாட்டார் உரோமைக்கு முறையிட, திருத்தந்தை எட்டாம் இன்னொசென்ட் 1491-இல் வெண்ணெய்க்கு அனுமதி தந்தார். இன்று அவ்வூர்ப் பெருவிழா ரொட்டியில் ஆரஞ்சு, எலுமிச்சைத் தோல்கள் நிறைந்திருக்கும். மேலே வெண்சர்க்கரை தூவிய அதன் வடிவம், துணியில் பொதிந்த பாலன் இயேசுவை நினைவூட்டுவதாகச் சொல்வர்.

போர்த்துக்கீசியர் 1498-இல் கள்ளிக்கோட்டையில் கரையிறங்கிய பின், இந்தக் கைவண்ணம் நம் கடற்கரைகளுக்குத் திரும்பி வந்தது. இலங்கையில் அவர்கள் வழிவந்த ‘லவ் கேக்’ இன்றும் கிறிஸ்மஸ் பலகாரம். அங்குள்ள தமிழ்க் குடும்பங்களும் அதைச் செய்கின்றன. ரவை, முந்திரி, முட்டை, சர்க்கரை, பன்னீர், ஏலம் இவற்றோடு எலுமிச்சைத் தோலைத் துருவிப் போட்டு, தட்டில் பரப்பிச் சுட்டு, சதுரத் துண்டுகளாக வெட்டுவர். மைதாவுக்குப் பதில் ரவை! வந்த பலகாரம் இந்தப் பக்கத்துச் சமையலறைக்குப் பணிந்துவிட்டது.

1883-இல் தலச்சேரியில் நடந்ததும் இதுவே. இலவங்கப்பட்டைத் தோட்டம் வைத்திருந்த மர்டாக் பிரவுன் என்ற ஆங்கிலேயர், இங்கிலாந்துக் கேக்கு ஒன்றைக் காட்டி, இதுபோல் செய்து தர முடியுமா என்று மாம்பள்ளி பாப்பு என்பவரிடம் கேட்டார். பர்மாவில் பிஸ்கட் தொழில் கற்று வந்தவர் பாப்பு. பிரெஞ்சுப் பிராந்திக்குப் பதிலாக முந்திரிப் பழச் சாராயமும் கதலிப் பழமும் சேர்த்து அவர் சுட்டுக் கொடுத்தார். கேட்டவர் மனம் மகிழ்ந்து மேலும் பன்னிரண்டு வேண்டும் என்றாராம்.

நெசவாளர் நிறைந்த நம் ஊருக்கு இந்த உண்மையை எவரும் விளக்கத் தேவையில்லை. பட்டு நூல் கர்நாடகத்திலிருந்து வருகிறது. ஜரிகை சூரத்திலிருந்து வருகிறது. ஆயினும் இங்கே தறியில் ஏறி, கோர்வை போட்டு இறங்கியதும் அது காஞ்சிப் பட்டு. அதை அந்நியம் என்று யார் சொல்வார்? திருச்சபையும் எல்லா இடத்திலும் ஒரே அச்சை விரும்புவதில்லை. மக்களின் நல்வழக்கங்களைப் போற்றுகிறது. இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963-இல் வெளியிட்ட திருவழிபாட்டுக் கொள்கைத் திரட்டின் 37-ஆம் எண் இதையே கற்பிக்கிறது. ஆகவே அதிரசமா கேக்கா என்று வழக்காட வேண்டாம். இரண்டும் நம்முடையவையே.

ஆனால் ஒன்றை மட்டும் நினைவில் கொள்ளுங்கள். தீபாவளிக்கு அண்டை வீட்டார் நமக்குத் தட்டு அனுப்புகிறார்கள். நாமும் பெருவிழாவன்று தட்டு அனுப்புகிறோம். சின்ன காஞ்சிபுரத்தில் முட்டை தொடாத வீடுகள் பல. வரதராசப் பெருமாள் கோயிலில் சுக்கும் மிளகும் சீரகமும் சேர்த்துக் குடலை இட்லி வேகும் ஊர் இது. உணவின் தூய்மை இங்கே பக்தியோடு இணைந்தது. முட்டை சேர்த்த கேக்கை அனுப்பினால், வாங்குபவர் புன்னகையோடு வாங்குவார், உண்ண மாட்டார். உணவினால் சகோதரன் மனம் இடறக் கூடாது என்று புனித பவுல் கொரிந்தியருக்கு எழுதியது நம் தெருவுக்கும் பொருந்தும்.

அதற்கு வழி எளிது. நாரத்தைத் தோலை மும்முறை நீர் மாற்றி வேகவைத்துக் கசப்பை நீக்குங்கள். அதன் எடைக்குச் சமமான சர்க்கரைப் பாகில் கண்ணாடிபோல் ஆகும்வரை காய்ச்சி, நிழலில் உலர்த்தி நறுக்குங்கள். ரவை இரண்டு பங்கு, சர்க்கரை ஒரு பங்கு, தயிர் ஒரு பங்கு, பாலும் நெய்யும் அரை அரைப் பங்கு, சமையல் சோடா அரைத் தேக்கரண்டி ஆகியவற்றைக் கலந்து அரைமணி ஊறவிட்டு, நறுக்கிய தோலைச் சேருங்கள். அடிகனத்த பாத்திரத்தில் இரண்டு விரற்கடை மணல் பரப்பிச் சூடாக்கி, நெய் தடவிய தட்டை அதனுள் வைத்து மூடி, சிறுதீயில் முக்கால் மணிநேரம் சுடுங்கள். ஆறியபின் சதுரமாக வெட்டுங்கள். கடைக்கேக்கு வாங்க வசதியில்லாத வீட்டிலும் இது இயலும்.

எல்லாருக்குமாகப் பிறந்தவரின் விழாவில், எல்லாரும் உண்ணத்தக்க தட்டொன்று நம் வீடுகளிலிருந்து புறப்படட்டும். யூபிலி ஆண்டில் நம் பங்கு இறைவனுக்குச் செலுத்தும் நன்றிக் காணிக்கைகளுள் அதுவும் ஒன்றாகட்டும். பாலன் இயேசுவின் ஆசீர் உங்கள் இல்லங்களில் நிறைவதாக.